அரக்கன் செத்த பிறகு

அரக்கனைக் கொன்றாகிவிட்டது. அரசிக்கு விடுதலை, தீவுக்கு வெளிச்சம். திரையில் பெயர்கள் மேலேறி முடிந்து, இசையும் ஓய்ந்துவிட்டது. அதற்குப் பிறகு விளையாட்டு, நாயகனை மறுபடியும் அரண்மனை வாசற்படியில் கொண்டுவந்து நிறுத்துகிறது. கையில் வாள், முதுகில் கேடயம். வெட்டத்தான் ஆளில்லை.

வேலையில்லாதவன் பூனையைப் பிடித்துச் சிரைத்தானாம். விளையாடுகிறவர்களும் அதைத்தான் செய்தார்கள். ஒருவர் தீவிலிருந்த கோழிகளையெல்லாம் பிடித்துக் கலங்கரை விளக்கத்தின் உச்சியில் அடைத்தார். இன்னொருவர் குதிரையைக் கூரைமேல் ஏற்றிப் படம் பிடித்துப் போட்டார். கடைக்காரன் தலையில் பானையைக் கவிழ்த்துவிட்டால் அவன் கண்ணெதிரிலேயே கடையைக் காலி செய்யலாம் என்று ஒருவர் கண்டுபிடித்து உலகப் புகழ் பெற்றார். கொஞ்ச நாளில் அதுவும் அலுத்தது. ஒவ்வொருவராகத் தீவை விட்டுப் போனார்கள். ஊர்க்காரர்கள் மட்டும் இன்னும் சாலையோரத்தில் நின்று, "வீரரே, அரக்கன் வருகிறான், காப்பாற்றுங்கள்" என்று கெஞ்சிக்கொண்டிருந்தார்கள். அரக்கன் செத்ததை அவர்களுக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை.

எழுதிக் கொடுத்திருக்க வேண்டியவர் கதைக்காரர். அந்த விளையாட்டைத் தயாரித்த கம்பெனியில் எல்லாரும் அவரை அப்படித்தான் கூப்பிட்டார்கள். மேலாளருக்கு 'நிலவரம்' என்று பெயர். யார் எதிரில் வந்தாலும் "என்ன நிலவரம்?" என்று கேட்பார், பதிலுக்கு நிற்க மாட்டார். அன்றைக்கு நின்றார்.

"கதை முடிஞ்சதும் ஆள் போயிடறான்யா. வாசல் வரைக்கும் வந்து வழியனுப்பறோம் நாம. போக விடாதே. ஏதாவது வேலை குடு."

"என்ன வேலை சார்? அரக்கன்தான் செத்துட்டானே."

"அரக்கன் செத்தா ஊர்ல வேலை இல்லாம போயிடுமா? எங்க வீட்ல வந்து பாரு."

கதைக்காரர் தம் மேசைக்குத் திரும்பி வெற்றுத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் அதிகம் பேசுகிறவர் அல்ல. அவருடைய மௌனத்தை அலுவலகத்தில் ஆழம் என்றும் வீட்டில் வேறு விதமாகவும் எடுத்துக்கொண்டார்கள். அந்த நேரத்தில் மனைவி போனில் கூப்பிட்டாள். அவள் ஒரு மருந்துத் தொழிற்சாலையில் பெட்டி கட்டும் பிரிவின் மேற்பார்வையாளர். பின்னால் இயந்திரங்கள் தடதடத்தன.

"ஏங்க, நேத்தும் எங்க அம்மாவை டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போகலையா?"

"மீட்டிங் வந்துடுச்சு."

"போன வாரமும் மீட்டிங்தான். அந்தக் கண் டாக்டர் புதன்கிழமை மட்டும்தான் உக்கார்றார். நான் லீவு போட்டா இங்க லைனே நின்னுடும். நீங்க ரெண்டு மணி நேரம் வெளிய போனா யார் கேக்கப் போறா? அம்மா காலைல கதவு நிலைல இடிச்சுக்கிட்டாங்க. இடது பக்கம் எதை வெச்சாலும் தட்டி விடறாங்க. பின்பக்கக் குழாய் ஒழுகுது. மாடித் தண்ணித் தொட்டிக்கு மூடி இல்ல. கேக்கறீங்களா?"

"கேக்கறேன்."

உண்மையாகவே கேட்டார். கல்யாணமான நாளிலிருந்து அவ்வளவு கவனமாக அவர் கேட்டதில்லை. போனை வைத்ததும் விசைப்பலகை தடதடத்தது. ஒழுகும் குழாய் தீவில் கசியும் மதகாயிற்று. மூடியில்லாத தொட்டி, மூடியில்லாத ஊர்க்கிணறாயிற்று. கடைசியாகக் கடலோரக் குடிசையில் ஒரு கிழவியை உட்கார வைத்தார். 'கிழவிக்கு இடது கண் மங்கி வருகிறது. அவளை மலைமேல் இருக்கும் வைத்தியரிடம் அழைத்துச் செல்.' வழியெல்லாம் கிழவி இடது பக்கக் கல்லில் இடறுவாள். இடது பக்கம் வைத்த குவளையைத் தட்டி விடுவாள். வைத்தியர் வீட்டு வாசலில் ஒரு பெஞ்சு. 'கூப்பிடும் வரை காத்திரு.'

அதற்கு மேல் அவருக்கு ஓடவில்லை. அப்புறம் எழுதலாம் என்று விட்டுவிட்டார்.

விளையாட்டில் உள்ள பிழைகளைத் தேடிப் பிடிப்பது ஒரு பெண்ணின் வேலை. பூச்சி என்று பெயர். அவள் இரண்டு நாள் கழித்து வந்து நின்றாள்.

"கதைக்காரரே, உங்க கிழவியை யாரும் கூப்பிடவே மாட்டேங்கறாங்க. ரெண்டு மணி நேரமா பெஞ்சுலயே உக்காந்திருக்கேன்."

"கூப்பிடுவாங்க."

"எப்போ?"

"எழுதணும்."

"எழுதுங்க. என் இடுப்பு போச்சு."

எழுதுவதற்குள் நிலவரத்துக்குப் பொறுமை போய், 'கதை முடிந்த பிறகு' என்ற தலைப்போடு எல்லாவற்றையும் உலகத்துக்குத் திறந்துவிட்டார்.

திட்டு விழும் என்று கதைக்காரர் இரண்டு நாள் தலையைக் குனிந்துகொண்டே நடந்தார். விழவில்லை. போனவர்கள் திரும்பி வந்தார்கள். மதகை அடைத்தார்கள், கிணற்றுக்கு மூடி செய்தார்கள். பிறகு கிழவியின் கையைப் பிடித்துக்கொண்டு மலையேறிப் போய்ப் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். உட்கார்ந்தவர்கள் எழுந்திருக்கவில்லை. பகல் போய் இருட்டி மறுபடி விடிந்தது, கிழவி இருமினாள், சால்வையைச் சரிசெய்துகொண்டாள், வைத்தியர் கூப்பிடவில்லை. இவ்வளவு ஆழமான விளையாட்டை இதுவரை கண்டதில்லை என்று எழுதினார்கள். கூப்பிடப்படாமையின் தத்துவம் பற்றி ஒரு பேராசிரியர் நீண்ட கட்டுரை எழுதினார். ஒருவர், தன் அப்பாவுக்குப் போன் பண்ணியே வருஷக்கணக்காகிறது, இந்தக் கிழவியிடம் மனசு விட்டுப் பேசினேன் என்று எழுதினார். அதன் கீழே ஆயிரக்கணக்கானோர் கண்ணீர்ப் பொம்மைகள் போட்டிருந்தார்கள். அப்பாவுக்குப் போன் பண்ணு என்று ஒருவர்கூடச் சொல்லவில்லை.

"பிரமாதம்யா," என்றார் நிலவரம். "அந்த மௌனம் இருக்கு பாரு, அதை உன்னாலதான் எழுத முடியும்."

கதைக்காரர் ஒன்றும் சொல்லவில்லை. அதையும் மெச்சிக்கொண்டே போனார் நிலவரம்.

அந்த வாரப் புதன்கிழமை, பாராட்டு விழா மாதிரி ஒரு மீட்டிங்கில் போயிற்று.

வியாழக்கிழமை சாயங்காலம் மனைவி செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்தாள்.

"எங்க லைன்ல இருக்கற பொண்ணுங்க எல்லாம் சாப்பாட்டு நேரத்துல போனை வெச்சுக்கிட்டு ஒரு கிழவி பக்கத்துல உக்காந்திருக்காங்க. யாரும் வாய் தொறக்கறதில்ல. சாப்பிடற இடம் மாதிரியே இல்ல, ஆஸ்பத்திரி மாதிரி இருக்கு. நானும் எட்டிப் பார்த்தேன். அந்தக் கிழவி இடது பக்கம் இருக்கற குவளையைத் தட்டி விடறா. யாருங்க அது?"

அவர் நாற்காலியின் கைப்பிடியைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"உங்களைத்தான் கேக்கறேன்."

"அது... சும்மா ஒரு பாத்திரம்."

"ஊர் உலகத்துல இருக்கறவங்க எல்லாரும் எங்க அம்மாவை டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போயிட்டாங்க. அவங்க மருமகனைத் தவிர."

உள்ளறையிலிருந்து அத்தை, "விடும்மா, அவருக்கு ஆபீஸ்ல தலைக்கு மேல வேலை" என்றாள். அவள் தொலைபேசி நிலையத்தில் இணைப்புக் கொடுக்கும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். குரலை வைத்தே ஆளின் உயரத்தைச் சொல்லுவாள். அதனால் கண் எவ்வளவு போயிருக்கிறது என்பது வீட்டில் யாருக்கும் சரியாகத் தெரியவில்லை. யார் எங்கே நிற்கிறார்கள் என்று அவள் காதாலேயே சமாளித்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் நிலவரம் மேசைக்கே வந்துவிட்டார். உலகம் பொறுமை இழந்திருந்தது. வைத்தியர் என்னதான் சொன்னார் என்று கேட்டு ஊர்வலம் போகாத குறை.

"அடுத்த வாரத்துக்குள்ள முடிவு வேணும். அந்தக் கதவு திறக்கணும். உள்ள என்ன நடக்குது?"

உள்ளே என்ன நடக்கிறது என்று கதைக்காரருக்குத் தெரியாது. ஒரு கண் டாக்டரின் அறைக்குள் அவர் போனதே இல்லை. மந்திரம், மூலிகை, கல்விளக்கு என்று எழுதி எழுதி அழித்தார். எல்லாமே பொய்யாக இருந்தது. கடைசியில் பூச்சியிடம் கேட்டார்.

"கண் டாக்டர் ரூமுக்குள்ள என்ன பண்ணுவாங்க?"

"என்னைக் கேக்கறீங்க? உங்க மாமியாருக்குக் கண்ணு சரியில்லன்னு நீங்கதானே சொன்னீங்க. கூட்டிட்டுப் போனா தெரிஞ்சுடப் போகுது."

அவர் அவளையே பார்த்தார். அவருக்கு அது தோன்றவே இல்லை.

"அடப்பாவி மனுஷா," என்றாள் பூச்சி.

புதன்கிழமை அத்தை நல்ல புடவையாக எடுத்துக் கட்டிக்கொண்டாள். ஆட்டோவில் ஏறும்போது, "ஆபீஸ்ல விட்டுட்டாங்களா மாப்பிள்ளை?" என்று கேட்டாள்.

"ம்."

"ஆபீஸ் விஷயமாத்தான் வந்திருக்கீங்களோன்னு நினைச்சேன்."

அவர் வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். இணைப்பு கொடுத்துக் கொடுத்துப் பழகியவள். யார் எதற்காகக் கூப்பிடுகிறார்கள் என்பது முதல் மூச்சிலேயே தெரிந்துவிடும்.

காத்திருக்கும் அறையில் இரும்பு நாற்காலிகள், ஒன்றோடொன்று பிணைத்தவை. ஒருவர் அசைந்தால் வரிசையே அசைந்தது. சுவரில் பெரிதிலிருந்து சிறிதாகும் எழுத்துகள். கவுண்டரில் இருந்த பெண் இவர்களை நிமிர்ந்து பார்க்கவில்லை. அவள் கையிலிருந்த போனில் கிழவி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கதைக்காரர் எல்லாவற்றையும் மனத்தில் குறித்துக்கொண்டார்: மருந்து வாசனை, தேய்ந்த மிதியடி, இருமுகிறவர்கள். இருமல் சரியாகவே வந்திருக்கிறது என்று ஒரு திருப்திகூட ஏற்பட்டது. இருவரும் பேசவில்லை. முதலில் அது அவருக்கு வழக்கமான மௌனமாக இருந்தது. நேரம் போகப் போக அப்படி இல்லை.

பெயரைக் கூப்பிட்டார்கள். இவ்வளவு சாதாரணமாகக் கூப்பிடுவார்கள் என்று அவர் நினைத்திருக்கவில்லை.

உள்ளே, பெரிய கிண்ணத்தைச் சாய்த்து வைத்தது போன்ற ஓர் இயந்திரம். அத்தையின் முகவாயை அதில் வைத்து, வலது கண்ணை மூடி, கையில் ஒரு பொத்தானைக் கொடுத்தார்கள். "நேரா பாருங்கம்மா. எங்க வெளிச்சம் தெரிஞ்சாலும் அமுக்குங்க." இயந்திரம் வெளிச்சப் புள்ளிகளை அங்கங்கே காட்டியது. பக்கத்துத் திரையில் அவை எங்கே தோன்றுகின்றன என்பது அவருக்குத் தெரிந்தது. ஒரு பக்கம் புள்ளி வந்தது. டக். மறுபடி. டக். பிறகு இடது ஓரமாக ஒன்று. அத்தையின் விரல் அசையவில்லை. இன்னொன்று. அசையவில்லை. இன்னும் கொஞ்சம் உள்ளே தள்ளி. அசையவில்லை. அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு, பரீட்சை எழுதும் பிள்ளை போல, வராத வெளிச்சத்துக்காகக் காத்திருந்தாள். அது வந்து வந்து போய்க்கொண்டிருந்தது.

"முடிஞ்சுதா? நிறையத் தப்பு பண்ணிட்டேனா?" என்று கேட்டாள்.

டாக்டர் தாளைப் பார்த்தார். "கண்ணுல அழுத்தம். நரம்பு பாதிச்சிருக்கு. இடது கண்ல போன பார்வை போனதுதான், திரும்ப வராது. மிச்சத்தையும் வலது கண்ணையும் காப்பாத்தலாம். ராத்திரி படுக்கறதுக்கு முன்னாடி தினமும் சொட்டு மருந்து. நிறுத்தவே கூடாது."

"எவ்வளவு நாளைக்கு டாக்டர்?" என்றார் கதைக்காரர்.

"நாள் கணக்கு இல்ல. எப்பவும்."

"முன்னாடியே வந்திருந்தா?"

டாக்டர் அவரை ஒருமுறை பார்த்துவிட்டு மருந்தின் பெயரை எழுத ஆரம்பித்தார். அந்த மௌனம் அவருக்குப் புரிந்தது. மௌனத்தை எழுதும் தொழிலில் இருப்பவர்தானே.

அலுவலகத்தில் அவர் உள்ளபடியே எழுதிக் கொடுத்தார். நிலவரம் படித்துவிட்டு நெற்றியைத் தடவினார்.

"போனது போனதுதானா? இதுக்கா அவன் அத்தனை நாள் உக்காந்தான்? சரி, பரிசு என்ன?"

"சொட்டு மருந்து."

"விளையாடறியா?"

"கிழவிக்கு தினமும் மருந்து போடணும் சார். அதுதான் அடுத்த வேலை."

"எது வரைக்கும்?"

"எப்பவும்."

"முடியாத வேலையை எவன்யா செய்வான்?" என்றார் நிலவரம். அவர் கேட்டதில் நியாயம் இருந்தது.

முடிவை வேறு ஒருவர் எழுதினார். வைத்தியர் ஒளிரும் தழையால் தொட்டதும் கிழவிக்குக் கண் பளிச்சென்று திறந்தது. "வீரரே, உலகம் எவ்வளவு அழகு!" என்று சொல்லி, தங்கப் பிடரி வைத்த குதிரை ஒன்றைக் கொடுத்தாள். குடிசையில் இருந்தவளுக்கு அந்தக் குதிரை எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை. எல்லாரும் குதிரையை வாங்கிக்கொண்டார்கள். அன்று மாலைக்குள் பெஞ்சு காலி.

அத்தைக்கு மருந்து போடுவது கதைக்காரரின் வேலை என்று மனைவி சொல்லிவிட்டாள். சொன்னதோடு சரி, அதற்கு மேல் அவரிடம் எதுவும் பேசவில்லை. முதல் நாள் இரண்டு சொட்டு கன்னத்தில் விழுந்தது, ஒன்று காதுக்குள் போயிற்று. இப்போது பழகிவிட்டது.

"ஏன் மாப்பிள்ளை, உங்க கிழவிக்குக் கண்ணு வந்துடுச்சாமே. பக்கத்து வீட்ல சொன்னாங்க."

"ஆமாம் அத்தை."

"குதிரையும் குடுத்தாளாம்."

"குடுத்தா."

"எனக்குக் கண்ணு வந்திருந்தா உங்களுக்குக் குதிரையா குடுப்பேன்? முதல்ல உங்க முகத்தைப் பார்த்து நாலு வார்த்தை கேட்டிருப்பேன்."

அவர் மருந்துக் குப்பியோடு வழக்கம் போல அவளுடைய இடது பக்கத்தில் நின்றார். அவள் நேரே பார்த்துக்கொண்டு இருந்தாள்.

"வலது பக்கமா வாங்க. அங்க நின்னா நீங்க இருக்கறதே தெரியாது." கொஞ்சம் பொறுத்து, "அது எனக்குப் பழக்கம்தான், இருந்தாலும் வாங்க" என்றாள்.

அவர் கட்டிலைச் சுற்றிக்கொண்டு வந்தார்.