ஏரம்புவின் வேட்டியில் வந்த யானைகள்

1961ஆம் ஆண்டு தை மாதம், உடையார்கட்டுக்குத் தெற்கே இருந்த குடியேற்றத்தில், ஒரு கூட்டம் யானைகள் காட்டிலிருந்து வந்து, செத்துப்போன யானையின் படத்தைக் கடைசிவரை பார்த்துவிட்டுத் திரும்பிப் போயின. படம் எடுத்தவர் மரியநேசன். முல்லைத்தீவுக் கரையில் தகப்பன் விட்டுப்போன வள்ளத்தை விற்றுக் கமெரா வாங்கியவர். கிழட்டுப் பெண்யானையொன்று குளத்தில் குளிப்பதை முந்தின ஆவணியில் எடுத்திருந்தார். மார்கழியில் அது வயலுக்குள் இறங்க, யாழ்ப்பாணத்திலிருந்து வந்து காணி பெற்ற ஏரம்பு சுட்டு விழுத்தினார். சனங்களுக்குப் பொழுதுபோகட்டும் என்று, ஏரம்புவின் வேட்டியை இரண்டு பாலை மரங்களுக்கு நடுவே கட்டி, ஜெனரேற்றரை இயக்கி, மரியநேசன் அந்தப் படத்தைப் போட்டார். கிழவி வேட்டியில் தோன்றியதும் யானைக்கூட்டம் வந்து சனங்களுக்குப் பின்னால் நின்றது. ஒன்றுகூடக் கதிரில் வாய் வைக்கவில்லை. மறுநாளும் வந்தது. அரிவு வெட்டி நெல் வீடு வரும்வரை படம் போடும்படி ஊர் கேட்டது. போட்டார்.

அடுத்த தைக்குள் படம் தேய்ந்து கிழவி வெளிறிப்போனாள். வெளிறியதை யானைகள் மதிக்கவில்லை. மரியநேசன் இளம் பெண்யானையொன்றைப் புதிதாக எடுத்துப் போட்டார். கூட்டம் வேட்டியைக் கடந்து போய் வயலில் பாதியைத் தின்றது. ஏரம்பு வரம்பில் குந்தியிருந்து வெற்றிலை சப்பியபடி யோசித்தார். “உயிரோட நிக்கிறதை அதுகள் ஏன் தம்பி படத்தில பார்க்கவேணும்?” என்றார். மறுகிழமை அந்தப் பெண்யானையைச் சுட்டார். அன்று பொழுதுபட்டதும் கூட்டம் வேட்டிக்கு முன்னால் வந்து நின்றது.

அதுவே முறையாயிற்று. கோடையில் மரியநேசன் எடுப்பார், மாரியில் ஏரம்பு சுடுவார். மிருகங்களை இவ்வளவு கிட்ட நின்று எடுத்தவர் வேறில்லை என்று கொழும்புப் பத்திரிகையொன்று எழுதியது. ஒருநாள் அவர் தன் பிள்ளையை எடுக்கக் கமெராவைத் தூக்கியபோது மனைவி யூலிற்றா குறுக்கே வந்து நின்றாள். “உங்கட பெட்டிக்குள்ள போனதுகளில எது தப்பினது? பிள்ளையை விடுங்கோ.” அவர் கமெராவை இறக்கினார். சாகாத யானையொன்றை எடுத்துவிட வேண்டும் என்பதைத் தவிர அதன்பின் அவருக்கு வேறு ஆசை இருக்கவில்லை.

1966 கோடையில் கூட்டத்தில் மிஞ்சியது கொம்பில்லாத இளம் ஆண்யானை ஒன்றுதான். குளத்தின் அக்கரையில் அது நிற்க, கமெரா ஓடிக்கொண்டிருந்தது. ஏரம்பு துவக்கோடு வந்து, கமெராவுக்குக் குறுக்கே குளத்தில் இறங்கி முகம் கழுவினார்.

“எடுத்தாச்சோ தம்பி?”

“இல்லை அண்ணை. வெளிச்சம் காணாது.”

ஏரம்பு நிமிர்ந்து உச்சி வெயிலைப் பார்த்தார். “உனக்கு ரெண்டு சூரியன் வேணும்போல,” என்று சிரித்துவிட்டுப் போனார். படம் எடுபடாத யானையைச் சுட்டுப் பயனில்லை என்பதால் அந்த வருடம் அவர் சுடவில்லை. போடப் புதுப் படமில்லாத அந்தத் தையில் யானை வயலுக்குள் இறங்கியது. ஏரம்பு ஓடிப்போய்ச் சுட, வெடிமருந்து நனைந்திருந்த துவக்கு வெடிக்கவில்லை. வரம்பில் அவரைப் பொறுக்கித்தான் எடுத்தார்கள்.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்த மாலை மரியநேசன் ஒளித்து வைத்திருந்த படத்தைப் போட்டார். தன் வேட்டியிலேயே ஏரம்பு குனிந்து முகம் கழுவினார். அவருக்குப் பின்னால் அக்கரையில் நின்ற யானையை ஒருவரும் கவனிக்கவில்லை. ஏரம்புவின் மனைவி அன்னபாக்கியம் பாயில் இருக்காமல் நின்றபடியே பார்த்தா. சற்று நேரத்தில் அந்த ஆண்யானை காட்டிலிருந்து வந்து அவாவுக்குப் பக்கத்தில் நின்று ஏரம்புவைப் பார்த்தது.

“அங்கால தள்ளி நில்,” என்றா அன்னபாக்கியம். “எனக்கு மறைக்குது.”

யானை தள்ளி நின்றது. அந்தப் போகம் மிஞ்சிய நெல் சேதமில்லாமல் வீடு வந்தது.