ஊரடங்கு முடிந்த வாரம்

துக்க வீட்டில் கொடுத்த பிஸ்கட்டைக் காப்பியில் நனைத்துக்கொண்டிருந்த பெர்லிட்டாவிடம் இறந்தவரின் மகள் குனிந்து, "அம்மா, நீங்க அப்பாவுக்கு என்ன வேணும்?" என்று கேட்டாள்.

"அவர் எங்கிட்டதான் வேலை பார்த்தாரு."

"அப்பா ஓட்டல்லதானே இருந்தாரு?"

பெர்லிட்டா தலையாட்டி வைத்தாள். பாண்டுக்காரர்களை அனுப்பிவிட்டு, இசைத்தட்டுகளை மட்டும் சுழலவிட்டு மணிலாவை ஆட வைத்த முதல் ஆள் அவள்தான். மலாத்தே வட்டாரத்தில் அவளுடைய டிஸ்கோ இருந்த இடத்தில் இப்போது மருந்துக்கடை. அங்கே சர்வராக இருந்து இப்போது செத்துப்போன தோமிங்கே வீட்டில் வாய் திறக்கவில்லை என்றால் வேறு யார் சொல்லப்போகிறார்கள். மனசு சுருக்கென்றது.

அது ராணுவச் சட்டக் காலம். நள்ளிரவுக்கு மேல் தெருவில் தலை தெரிந்தால் பிடித்துக்கொண்டுபோய்ப் புல் வெட்ட விடுவார்கள். பன்னிரண்டுக்குக் கதவைப் பூட்டினால் நாலு மணி வரை உள்ளே இருப்பவர்கள் உள்ளேதான். ஊரே சபித்த ஊரடங்கை அவள் ஒருத்திதான் கும்பிட்டாள். காரணம், தாசியோ என்ற வாடிக்கையாளன். கல்யாணமானவன், தெரிந்தேதான் சனிக்கிழமைதோறும் விடியும்வரை அவனோடு ஆடினாள். ஊரடங்கை நீக்கிய வாரம் அவன் சீக்கிரமே எழுந்து போனான். அப்புறம் வரவே இல்லை. பூட்டிய கதவுக்காக இருந்தானா, தனக்காக இருந்தானா என்று இன்றைக்கும் அவளுக்குத் தெரியாது.

அந்தத் தாசியோதான் இப்போது கைத்தடியோடு வந்து, சவப்பெட்டியின் கண்ணாடி வழியே தோமிங்கைப் பார்த்துவிட்டு, அவள் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தான்.

"முடியெல்லாம் வெளுத்துப் போச்சே, பெர்லி."

"உனக்கு வெளுக்கறதுக்கே ஒண்ணும் இல்லையே."

சிரித்தான். அந்தச் சிரிப்பு அப்படியே இருந்தது. அவளால் அதற்குமேல் அடக்க முடியவில்லை.

"கதவு தொறந்ததும் ஓடிட்டியே. அவ்வளவுதானா நான்?"

தாசியோ தடியையே பார்த்தான். "என் வீடு அடுத்த தெருதான் பெர்லி. நெனைச்சா பன்னெண்டுக்குள்ள போய்ச் சேந்திருப்பேன். ஊரடங்கு, ஆபீசுலயே மாட்டிக்கிட்டேன்னு ரெமிகிட்ட சொல்லுவேன். அது போனப்புறம் பொண்டாட்டிகிட்ட என்னத்தச் சொல்ல?"

அவள் கோப்பையில் மிச்சமிருந்த காப்பியைக் குடித்து முடித்தாள். "இதை அன்னைக்கே சொல்லித் தொலைச்சிருக்கலாம்."

அவன் சட்டைப்பையில் போன் அடித்தது. "ரெமி" என்று முணுமுணுத்துவிட்டு எடுத்தான். "ம், பாத்துட்டேன். உடனே எப்படி வர? சாவு வீட்டுலேர்ந்து நேரா வந்தா ஆவியும் கூடவே வரும்னு நீதானே சொல்லுவே? எங்கயாவது கொஞ்சம் உக்காந்துட்டு வரேன்."

வெளியே வெயில் இன்னும் இறங்கவில்லை. பெர்லிட்டா காலிக் கோப்பையை நாற்காலிக்கு அடியில் வைத்தாள். கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, அவன் பிடித்து எழுந்திருக்க வாகாகக் கையை நீட்டினாள்.