பின்வாசல் குமாஸ்தா

மூன்றாவது தடவையும் கண்ணாடி நழுவி நெற்றிக்கு ஏறிவிட்டது. கட்சிச் செயலாளர் அதை இரண்டு கையாலும் எடுத்து, மறுபடி சின்னவரின் மூக்கில் உட்காரவைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு கையை விலக்கினார். ஒரு நொடி நின்றது. பிறகு தன் பாட்டுக்கு மேலே போய்ப் புருவத்தைத் தாண்டிவிட்டது.

"படுத்திருக்கிறவங்களுக்கு அது நிக்காது மாமா," என்றாள் சின்னவரின் மகள். "நடமாடுறவங்களுக்குன்னு வளைச்சது."

"நீ கண்ணாடிக் கடை வச்சிருக்கிறவதானே பாப்பா, ஏதாவது பண்ணேன். கேட்டுக்கு வெளியில ஜனம் நிக்குது. டிவிக்காரங்க வந்தாச்சு. பத்து மணிக்குக் கதவைத் திறந்தாகணும்."

"கண்ணாடி இல்லாமயே இருக்கட்டுமே."

செயலாளர் அவளை நிமிர்ந்து பார்த்தார். கோபம் இல்லை, பயம்தான். "இது இல்லாம சின்னவர்னு யாருக்கும்மா தெரியும்?"

அவள் கண்ணாடியை வாங்கிக்கொண்டாள். அதன் வில்லைகளை வெட்டிப் பொருத்தியவளே அவள்தான். இன்று எந்த வாயோடு வேண்டாம் என்று சொல்வது?

பெரியவர் என்றால் அந்த நாட்டில் ஒரே ஆள்தான். பள்ளிப் பாடத்தில் இருப்பவர், தபால் தலையில் இருப்பவர், போகிற வருகிற முச்சந்தியில் எல்லாம் சிலையாக நிற்பவர். தடித்த கறுப்புக் கண்ணாடி இல்லாமல் அவரை யாரும் பார்த்ததில்லை. சிலைக்குக்கூடக் கண்ணாடி உண்டு, காக்கை உட்கார வசதியாக. அவருடைய ஒரே பிள்ளை சின்னவர். அறுபத்தாறு வயதில், இன்று விடியற்காலை ஆஸ்பத்திரியில் கண்ணை மூடியபோதும் அவர் சின்னவர்தான்.

பெரியவர் போனபோது சின்னவர் குடிநீர் இலாகாவில் வரைபடம் போட்டுக்கொண்டிருந்தார். எறும்பு ஊர்வதுபோன்ற எழுத்தை விளக்கில்லாமல் படிக்கிற கண் அவருக்கு. இருபது நாளில் இடைத்தேர்தல். கட்சி வேட்பாளராக நிறுத்திய சின்னவர் தெருத்தெருவாகப் போய்க் கும்பிட்டார்; யாரோ வசூலுக்கு வந்திருக்கிறார் என்று ஜனங்கள் கதவைச் சாத்தினார்கள். அப்போது இளைஞராக இருந்த செயலாளர்தான் கடைக்குப் போய்ப் பெரியவருடையதைப் போலவே ஒரு கறுப்பு ஃபிரேம் வாங்கி, பவர் இல்லாத வெறும் கண்ணாடியைப் பொருத்தி, வேனுக்குள் வைத்து அவருக்கு மாட்டிவிட்டார். அடுத்த தெருவிலேயே ஒரு பெண்மணி ஓடிவந்து, "பெரியவரை உரிச்சு வச்ச மாதிரி இருக்கு," என்று அழுதாள். தேர்தல் அங்கேயே முடிந்துவிட்டது. அதற்கப்புறம் முப்பத்தொரு வருஷம், மூன்று வெற்றி, இரண்டு தோல்வி, பதினோரு மாத மந்திரி பதவி, எல்லாமே அந்தக் கண்ணாடிக்குப் பின்னால்தான்.

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலை, அதைக் கழற்றிச் செருப்பு ஸ்டாண்டின் மேல் வைப்பது. "ஆபீஸ் பூட்டியாச்சு," என்பார். மகள் ஓடிப்போய் மடியில் ஏறுவாள். மூக்கின் இரண்டு பக்கமும் பதிந்திருக்கும் பள்ளத்தைக் கட்டைவிரலால் தேய்த்துவிடுவது சின்ன வயதிலிருந்தே அவள் வேலை. அந்த ஃபிரேம் அவ்வளவு கனம். "பத்து நிமிஷத்துல போயிடும் டாக்டரம்மா," என்பார். அப்படித்தான் போகும். பத்தாவது நிமிஷம் அந்த முகம் அப்பாவுடையதாகிவிடும்.

அவள் படித்துக் கடை வைத்த பிறகு, இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை அவள்தான் புதுக் கண்ணாடி போட்டுக் கொடுத்தாள். ஒரு நாள் கேட்டாள்: "எதுக்குப்பா இது? கழட்டிப் போட்டுடுங்களேன்."

"ஊருக்கு எங்கப்பா வேணும்மா. நான் கொஞ்ச தூரம் தூக்கிட்டுப் போறேன், அவ்வளவுதான்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அவளுக்குத்தான் அன்று முழுக்கச் சோறு இறங்கவில்லை.

சமையலறையில் பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்கத் தொடங்கியிருந்தது. காதில் மாட்டும் தண்டைச் சுடுநீரில் முக்கினால் இளகும், இளகியதும் வளைக்கலாம். கடையில் இதற்கென்றே கருவி இருக்கிறது. கருவியைக் கொண்டுவரச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. அப்பாவுக்காகச் செய்யும் கடைசி வேலை. அதுவும் அவர் முகத்தை மறைக்கிற வேலை.

அடுப்புக்குப் பக்கத்திலேயே இருந்த பின்கதவை யாரோ தட்டினார்கள்.

ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவின் நீலச் சீருடையில் ஒரு பெண்மணி நின்றாள். ஐம்பத்தைந்து இருக்கும். கையில் ஒரு துணிப்பை.

"முன்னாடி போலீஸ்காரர் விடமாட்டேங்குறாரும்மா. எனக்கு இந்த வாசல்தான் பழக்கம்."

"துக்கத்துக்கு வந்தீங்களா? உட்காருங்கம்மா. இன்னும் கதவைத் திறக்கலை."

"துக்கம்தான்." அவள் உட்காரவில்லை, தயங்கினாள். "தப்பா எடுத்துக்காதம்மா. நான் சின்னவரைப் பாக்க வரலை. பெரிய மனுஷன், நல்லவராத்தான் இருந்திருப்பாரு, எனக்கு அவரைத் தெரியாது. குமாஸ்தா ஐயாவை ஒரு எட்டு பாத்துட்டுப் போயிடுறேன்."

"எந்தக் குமாஸ்தா?"

"என்னம்மா இப்படிக் கேக்குற? இந்த வீட்டுப் பொண்ணுதானே நீ? இதோ, இந்தப் படியில உட்கார்ந்து மனு எழுதுவாரே. வெளுத்துப்போன சட்டை, காதுல பேனா. வியாழக்கிழமை வியாழக்கிழமை வருவேனே."

மகள் பிடித்திருந்த கண்ணாடியின் தண்டு தண்ணீரிலேயே கிடந்தது. வியாழக்கிழமைகளில் அவள் கடையில் இருப்பாள். பின்வாசலுக்கு ஆட்கள் வருவார்கள் என்று தெரியும். அப்பா அவர்களை எப்படிப் பார்ப்பார் என்று அவள் யோசித்ததே இல்லை. வீட்டுக்குள் இருப்பவர் கண்ணாடி இல்லாமல்தானே இருப்பார்!

"என் வீட்டுக்காரர் லிஃப்ட் ஆபரேட்டர்," என்று அந்த அம்மா சொல்லிக்கொண்டே போனாள். "அவர் செத்து பென்ஷன் வரலை. ஒரு பேப்பர்ல பொறந்த வருஷம் ஒண்ணு, இன்னொண்ணுல வேற. ரெண்டு வருஷம் நாயா அலைஞ்சேன். குமாஸ்தா ஐயாதான் எழுதி எழுதிப் போட்டாரு. கடைசியில ஒரு நாள், வாங்கம்மா நானே வர்றேன்னு என்கூட பஸ்ல வந்தாரு. ஒருத்தரும் எழுந்து இடம் கொடுக்கலை. ஒருத்தன் காலை மிதிச்சுட்டான். இவரு என்னமோ லாட்டரி விழுந்த மாதிரி சிரிச்சுக்கிட்டே வர்றாரு."

"அப்புறம்?"

"ஆபீஸ் வாசல்ல, நீங்க இங்கயே இருங்கம்மான்னுட்டு, பையிலேர்ந்து என்னமோ எடுத்துக்கிட்டு உள்ள போனாரு. பத்தே நிமிஷம். கையெழுத்தோட வந்துட்டாரு. என்ன மந்திரம் போட்டாரோ."

என்ன மந்திரம் என்று மகளுக்குத் தெரியும். அது இப்போது அவள் கையில்தான் இருக்கிறது.

"அவர்கிட்ட சொல்லியிருக்கேன்," அந்த அம்மா குரலைத் தாழ்த்தினாள். "உங்க சின்னவர் போஸ்டர்ல ஈன்னு பல்லைக் காட்டிக்கிட்டு நிக்கிறாரு, மாடா உழைக்கிறது நீங்கன்னு. விழுந்து விழுந்து சிரிச்சாரு. 'மெதுவாப் பேசுங்கம்மா, உள்ளதான் இருக்காரு'ன்னாரு." சொல்லும்போதே அவளுக்குச் சிரிப்பு வந்து, இடம் பொருள் நினைவு வந்து, வாயைப் பொத்திக்கொண்டாள். "இப்ப முதலாளி போயிட்டாரு. இந்த வயசுல அவரை யாரு வேலைக்கு வைப்பா? எங்க லாண்டரியில எழுத்து வேலைக்கு ஒரு ஆள் கேக்குறாங்க. நிழல்ல உட்கார்ந்து பாக்கிற வேலைதான். சூப்பர்வைசர்கிட்ட சொல்லி வச்சிருக்கேன். அதைச் சொல்லிட்டுப் போலாம்னுதான் வந்தேன்."

மகள் அடுப்பை அணைத்தாள். தண்டு நன்றாக இளகியிருந்தது. விரல் சுடச் சுட இரண்டையும் உள்ளே வளைத்து, குழாயடியில் பிடித்து ஆறவைத்து, துடைத்தாள். பழக்கப்பட்ட கை, மனம் எங்கே இருந்தாலும் வேலை சுத்தமாக வந்தது. அழுகை வருமென்று பார்த்தாள். வரவில்லை.

"வாங்கம்மா," என்றாள். "உள்ளதான் இருக்காரு."

கூடத்தில் சின்னவரைக் கிடத்தியிருந்த மேஜையில் செயலாளர் வெள்ளை விரிப்பின் சுருக்கத்தை நீவிக்கொண்டிருந்தார். புதியவளைப் பார்த்ததும் முகம் சுருங்கியது. "யாரு பாப்பா இது? கதவைத் திறக்கிறதுக்கு முன்னாடி..."

அந்த அம்மா அவரைக் கவனிக்கவே இல்லை. மேஜை அருகில் போய் நின்றவள், "ஐயோ," என்றாள். "குமாஸ்தா ஐயா."

மேஜையைப் பிடித்துக்கொண்டு திரும்பினாள்.

"இவருக்கு என்னம்மா ஆச்சு? போன வாரம்கூடப் பேசினேனே. ரெண்டு பேருமா போயிட்டாங்க?"

அவள் கூடத்தைச் சுற்றிப் பார்த்தாள். சுவரில் பெரியவரின் பெரிய படம். பக்கத்தில் அதே கண்ணாடியோடு சின்னவரின் படம். அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு மேஜையைப் பார்த்தாள். பிறகு மகளின் கையில் இருந்த கறுப்புக் கண்ணாடியைப் பார்த்தாள். துணிப்பை அவள் கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது.

"சொல்லியிருக்கலாம்ல ஐயா," என்றாள் மெதுவாக, வீட்டு மனிதரைக் கடிந்துகொள்வதுபோல. "நான் பாட்டுக்கு என்னென்னமோ பேசிட்டேனே."

"அவருக்கு அது ரொம்பப் பிடிச்சிருக்கும்மா," என்றாள் மகள். வராத அழுகை இப்போது வந்துவிட்டது. அவள் துடைக்கவில்லை.

செயலாளருக்கு ஒன்றும் புரியவில்லை. "குமாஸ்தாவா? யாரு?"

"பின்வாசல்ல அப்பாவுக்கு அந்த வேலைதான் மாமா."

செயலாளர் இந்த வீட்டுக்குத் தினமும் வந்தவர். முன்வாசல் வழியாக வந்து முன்வாசல் வழியாகவே போனவர். அவர் வந்தால் சின்னவர் செருப்பு ஸ்டாண்டிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டுதான் கதவைத் திறப்பார். இப்போது அவர் குனிந்து, காலையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த அந்த முகத்தை முதல்முறையாகப் பார்ப்பவரைப்போலப் பார்த்தார். பெரியவரின் சாயல் அதில் மருந்துக்கும் இல்லை. அகன்ற நெற்றி, கீழே இறங்கிய இமை, கொஞ்சம் கிண்டலான வாய். சாயல் இருக்கிறதென்று இத்தனை வருஷம் இவர்கள் எல்லோருமாகச் சேர்ந்து நம்பியிருக்கிறார்கள்.

வெளியே யாரோ கதவைத் தட்டினார்கள். "அண்ணே, மணி பத்து ஆச்சு!"

"சரி பண்ணிட்டியா பாப்பா?" என்றார் செயலாளர்.

"பண்ணிட்டேன் மாமா. இனிமே நழுவாது." கண்ணாடியை அவரிடம் நீட்டினாள். "நீங்களே போட்டுவிடுங்க. முதல் தடவையும் நீங்கதானே போட்டீங்க."

குத்திக்காட்டிச் சொல்லவில்லை. அவர் போட்டால் தடுக்கப்போவதும் இல்லை. ஆனால் தன் கையால் அவள் போடமாட்டாள்.

செயலாளர் வாங்கிக்கொண்டார். சட்டை முனையால் வில்லைகளைத் துடைத்தார். தண்டுகளை விரித்துக் குனிந்தார். முகத்துக்கு நாலு விரல் தூரத்தில் கை நின்றுவிட்டது. கண்ணாடியை உயர்த்தி, வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, அதன் வழியாக எதிர்ச் சுவரைப் பார்த்தார். எல்லாம் அப்படியே தெரிந்திருக்கும். பெரிதாகவும் இல்லை, சிறிதாகவும் இல்லை.

"ஒரு தேர்தலுக்குன்னுதான் சொன்னேன்," என்றார். "இருபது நாளைக்குத்தான்டான்னு சொன்னேன்."

மறுபடி கதவு தட்டப்பட்டது.

"வீட்டுக்கு வந்ததும் இதை எங்க வைப்பான் அவன்?"

சின்னவரை அவர் 'அவன்' என்று சொல்லி மகள் கேட்டதே இல்லை. முன்வாசல் பக்கம் கையைக் காட்டினாள். "செருப்பு ஸ்டாண்டு மேல."

அவர் நடந்துபோனார். கண்ணாடியை மடித்துச் செருப்பு ஸ்டாண்டின் மேல் வைத்தார். ஓரமாக இருக்கிறதென்று கொஞ்சம் உள்ளே தள்ளி வைத்தார். பிறகு தாழ்ப்பாளை நீக்கி, இரண்டு கதவையும் அகலத் திறந்தார்.

வெயிலும் ஜனமும் சேர்ந்தே உள்ளே வந்தன. முன்னால் வந்தவர்கள் மேஜை அருகில் தயங்கி, சரியான வீட்டுக்குத்தான் வந்தோமா என்பதுபோல ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். செயலாளர் தலைமாட்டில் நின்று, "வாங்க, வந்து பாருங்க," என்று ஒவ்வொருவராக அழைத்தார். சலவைக்கார அம்மா ஒதுங்கிப்போகப் பார்த்தாள். மகள் அவள் கையைப் பிடித்துத் தன் பக்கத்தில் நிறுத்திக்கொண்டாள்.

அப்பாவின் மூக்கில், இரண்டு பக்கமும், பள்ளம் ஆழமாகப் பதிந்திருந்தது. மகள் குனிந்து அதைக் கட்டைவிரலால் தேய்த்தாள். வரிசை நகர்ந்தது, பூக்கள் விழுந்தன, யாரோ அவள் தோளைத் தொட்டுவிட்டுப் போனார்கள். பள்ளம் அப்படியே இருந்தது. அவள் தேய்ப்பதை நிறுத்தவில்லை. இன்னும் பத்து நிமிஷம் ஆகவில்லை.