முதுகு தெரிந்தால் போதும்

கொடியில் கிடந்த அப்பனின் சட்டைக்குள் தீர்த்தம்மாள் கையை நுழைத்தபோது வாசலில் பறை அதிரத் தொடங்கியது. அப்பன் தர்மன் அங்கே பெஞ்சின்மேல் கிடந்தார். விடியற்காலையில் போன உயிர். கடத்தூர் வட்டாரத்தில் பாரதக் கூத்துத் திரைக்குப் படம் எழுதுவதென்றால் அவர்தான் என்று பேர்.

அந்தப் பேரைக் கேட்டுத்தான் சேலத்திலிருந்து கிருஷ்ணப்பன் கேமராவோடு வந்து, தர்மனின் வாழ்க்கையை மூன்று நாளாகப் படம் எடுத்துக்கொண்டிருந்தான். அவர் திரை எழுதும் காட்சி ஒன்றுதான் பாக்கி. கையில் இருப்பதும் ஒரே ரீல். உலகச் சண்டை முடிந்தும் பிலிம் கிடைக்காத வருஷம் அது. யாராவது அவர் சட்டையை மாட்டிக்கொண்டு திரைமுன் உட்காரட்டும், முதுகு தெரிந்தால் போதும் என்று அவள் தாய்மாமன் மாதையனிடம் கெஞ்சினான். மாதையன் பிணத்தருகே இருந்த தீர்த்தம்மாளைத்தான் எழுப்பினார். தூரிகை பிடிக்கத் தெரிந்தவள் வீட்டில் அவள் ஒருத்திதான்.

ஐந்து வருஷமாகத் திரை எழுதியதே அவள்தான். அப்பனுக்குக் கண்ணில் புரை விழுந்த பிறகு, அவர் பக்கத்தில் உட்கார்ந்து சொல்வார், அவள் எழுதுவாள், ஓரத்தில் அவர் பேர் ஏறும். பொம்பளை எழுதியதென்று தெரிந்தால் கோயில்காரர்கள் திரையைத் தொடமாட்டார்கள் என்பார். படக்காரனிடம் உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்று மூன்று நாளும் அவளுக்கு வாக்குக் கொடுத்தார். கேமராமுன் உட்கார்ந்ததும், எல்லாம் என் கைதான் என்றார். அப்பன் செத்ததற்கு அவளுக்கு அழுகை வந்தது. சொல்லாமல் செத்ததற்கு வயிறு எரிந்தது.

மாமன் அவள் தலையில் உருமாலை கட்டிவிட்டு, காய்ந்த தூரிகையைக் கையில் கொடுத்தார். “தீட்டு வூடு. சாமித் திரையில வண்ணம் வெக்காத. சும்மா ஆட்டு.”

கிருஷ்ணப்பன் கேமராவின் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தான். திரையில் பாஞ்சாலியின் விரிந்த கூந்தல் பாதிதான் வந்திருந்தது. அவள் கொட்டாங்குச்சியில் இருந்த கருப்பில் தூரிகையை முக்கி ஒரே இழுப்பாக இழுத்தாள். கூந்தல் பாஞ்சாலியின் இடுப்புவரை இறங்கியது. பிறகு உருமாலையை அவிழ்த்துக் கீழே போட்டுவிட்டுத் திரும்பி உட்கார்ந்தாள்.

கிருஷ்ணப்பனின் கை நின்றது.

“எதுக்கு நிறுத்தறீங்க? அஞ்சு வருசத் திரையும் நான் எழுதுனது. மொகத்தப் புடிங்க.”

மாமன் பாய்ந்து வந்தார். பிணத்தை இன்னும் எடுக்கவில்லை, அதற்குள் அவர் மானத்தை வாங்குகிறாயா என்று பல்லைக் கடித்தார்.

“எழுதறதுக்கு எங்கப்பன்தான் கத்துக்குடுத்தாரு மாமா. ஒளிஞ்சுக்கறதுக்கும் அவருதான் கத்துக்குடுத்தாரு. எனக்கு மொதப் பாடம் போதும்.”

கிருஷ்ணப்பன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். பிறகு ஸ்டாண்டை இரண்டடி முன்னால் நகர்த்திவிட்டுக் கைப்பிடியைச் சுற்றினான்.

வாய்க்கரிசி போட மகளை வரச்சொல்லி வாசலிலிருந்து குரல் வந்தது. இரண்டாம் முறையும் வந்தது. அவள் கேமராவைப் பார்த்தபடியே இருந்தாள். ரீல் ஓடி முடிந்த பிறகுதான் எழுந்தாள். கையைக் கழுவிக்கொண்டு போ என்று மாமன் சொன்னதை அவள் காதில் வாங்கவில்லை. அப்பனின் வாயில் அவள் போட்ட அரிசியில் கருப்பு ஒட்டியிருந்தது.