ஒயின் கலர் ஓடிய வாரம்

பகல் செய்தியில் மூன்றாவதாக அது போனது. நான் கேட்டு வாங்கி, தபரேஸ் படம் பிடித்து, நானே உட்கார்ந்து வெட்டி ஒட்டிய செய்தி. வாசிப்பதும் நான்தான், 'செய்திகள் வாசிப்பது இவா' என்று. ஆம்பூரில் ஒரு கேபிள் சேனலில் செய்தி வாசிப்பாளர் என்றால் வேலை இப்படித்தான். காலையில் ரிப்போர்ட்டர், பகலில் எடிட்டர், கோட்டு மாட்டிக்கொண்டால் நியூஸ் ரீடர். கோட்டு ஒன்றுதான். எனக்கு முன்னால் வேலை பார்த்த பெண்ணுடையது, முதுகில் ஊக்கு குத்தித்தான் போடுவேன்.

தோல் கம்பெனியின் கழிவுநீர்த் தொட்டியில் பூவரசன் என்ற தொழிலாளி செத்தது தவறி விழுந்ததால் அல்ல, முகமூடிகூடத் தராமல் உள்ளே இறங்கச் சொன்னதால்தான் என்று கூட வேலை செய்யும் ஒருவர் நம்மிடம் தெரிவித்திருக்கிறார். இதை வாசித்து முடித்தேன். பேட்டி ஓட ஆரம்பித்தது. பேட்டி ஓடும்போது கேமரா என்மேல் இருக்காது. தண்ணீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு எதிரே இருந்த டிவியைப் பார்த்தேன்.

முகம் கலங்கலாகத் தெரிந்தது. குரலைக் கட்டைக்குரலாக மாற்றியிருந்தேன். ஆணா பெண்ணா என்றே தெரியாது. அப்புறம் கை வந்தது. முகத்தை மறைத்தால் கையைக் காட்டு, வெறும் கலங்கலையே எவ்வளவு நேரம் பார்ப்பான் என்று வேலைக்குச் சேர்ந்த புதிதில் கோதண்டபாணி சார் சொல்லிக் கொடுத்திருந்தார். சேனல் அவருடையது. நானும் ஆசையாகக் கையைக் காட்டியிருந்தேன். மடியில் கோத்த இரண்டு கைகள், திரை முழுக்க. நகக்கண்ணிலிருந்து மணிக்கட்டு வரை ஒயின் கலர்.

பாட்டிலை மூடாமலே கீழே வைத்தேன்.

இந்தப் பக்கத்தில் தோல் தெரிந்தவனுக்கு அந்தக் கை ஒன்றே போதும். சாயம் போட்ட ஈரத்தோலை டிரம்மிலிருந்து எடுத்துப் பிரித்து அடுக்குகிறவர்கள் கையில் அந்த வாரம் ஓடுகிற கலர் ஏறிவிடும். கையுறை கொடுப்பது வெளிநாட்டுக்காரன் பார்க்க வருகிற அன்றைக்கு மட்டும். சோப்புப் போட்டாலும் போகாது, எலுமிச்சம்பழம் தேய்த்தாலும் போகாது, அடுத்த கலர் வந்துதான் போகும். அந்த வாரம் ஆம்பூரில் வேறு எந்தக் கம்பெனியிலும் ஒயின் கலர் ஓடவில்லை. ஓடின கம்பெனியிலும் அது ஒரே டிரம்மில்தான் ஓடியது. அந்த டிரம்மில் தோல் அடுக்குகிறவர்கள் இரண்டே பேர். ஒருத்தி அம்பிகா அக்கா, பேட்டி கொடுத்தவள். இன்னொருத்தி ஞானசுந்தரி, என் அம்மா.

முந்தின நாள் ராத்திரி எனக்குச் சோறு போட்டது அதே நிறக் கைதான். நான் பார்க்கவில்லை. எங்கள் வீட்டில் கை என்றாலே அப்படித்தான் இருக்கும். பச்சை, கறுப்பு, காப்பிக்கொட்டைக் கலர் என்று நான் பிறந்ததிலிருந்து மாறிக்கொண்டே இருக்கிறது. மெட்ராஸிலிருந்து வந்த எவளாவது எடிட் செய்திருந்தால்கூட, இதென்ன கை இப்படி இருக்கிறது என்று கேட்டிருப்பாள்.

கேமரா திரும்ப என்மேல் வந்தது. நெமிலியில் நெல் கொள்முதல் நிலையம் திறந்த செய்தியைச் சிரித்துக்கொண்டே வாசித்தேன். சிரித்தது பிறகு பதிவைப் பார்த்தபோதுதான் தெரிந்தது.

கோட்டைக் கழற்றும் முன்னாலேயே போன் வந்தது. சுந்தரமூர்த்தி, அம்மாவின் கம்பெனியில் மேனேஜர். பூவரசனை இறங்கச் சொன்னது அவர்தான் என்று அம்பிகா அக்கா என்னிடம் சொல்லியிருந்தாள், அந்தப் பெயரை மட்டும் நான் வெட்டிவிட்டேன். ஆதாரம் வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பயம், வேறொன்றுமில்லை. நான் டிகிரி முடித்தபோது கம்பெனி வாசலில் எனக்குச் சால்வை போர்த்தினவர் இவர். நம்ம கம்பெனிப் பொண்ணு என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார்.

"நல்லா படிச்சே பாப்பா. 'ழ' நல்லா வருது உனக்கு" என்றார்.

தேங்க்ஸ் சார் என்றேன்.

"கை காட்டினீங்க பாத்தியா, நல்லாவே தெரிஞ்சுது. அந்த டிரம்முல ரெண்டே பேருதான். உனக்குத் தெரியாததா? யாருன்னு நீ சொல்லவே வேணாம். பத்திரிகைக்காரங்களுக்கு ஒரு தர்மம் இருக்கும், நான் கேக்க மாட்டேன். உங்கம்மா இல்லைன்னு மட்டும் ஒரு வார்த்தை சொல்லிடு. மீதிய நாங்க பாத்துக்கறோம்."

என் வாய் திறந்துவிட்டது. எங்கம்மா இல்லை சார். அந்த மூன்று வார்த்தையும் நாக்கில் இருந்தன. உண்மையும் அதுதான். சொல்லியிருந்தால் அம்மா தப்பித்திருப்பாள். அம்பிகா அக்கா அன்றைக்கே ரோட்டுக்கு வந்திருப்பாள், ரோட்டோடு விடுவார்களா என்பதும் தெரியாது. புருஷன் இல்லாதவள், பள்ளிக்கூடத்துக்குப் போகிற இரண்டு பெண் பிள்ளைகள், வீடு எங்கள் தெருவுக்கு அடுத்த தெரு. பூவரசன் பெண்டாட்டி போலீஸுக்குப் போனபோது அந்தப் பெண் வீட்டுக்கு வந்து உட்கார்ந்துவிட்டுப் போன கம்பெனி ஆட்களை அவள் தெருவே பார்த்தது.

"இன்னா பாப்பா, சத்தத்தையே காணோம்?"

"அப்புறம் பேசறேன் சார்" என்றேன்.

"பேசு. அவசரமில்ல. உங்கம்மா இங்கதானே இருக்கா, ஷிப்ட் முடியற வரைக்கும்."

போன் வைத்த பிறகு உட்கார்ந்துவிட்டேன். அம்மாவுக்குப் போன் போட முடியாது. கேட்டுக்குள் நுழையும்போதே போனை வாங்கி வைத்துக்கொள்வார்கள். அம்பிகா அக்காவுக்கும் அப்படியே. உள்ளே அந்த இரண்டு பேருக்கும் டிவியில் என்ன போனது என்றே தெரியாது. வெளியே ஊருக்கே தெரியும்.

கோதண்டபாணி சாரிடம் போய்ச் சொன்னேன். அவருக்கும் போன் வந்திருந்தது. அவர் கெட்டவர் இல்லை, ஆனால் ரம்ஜானுக்கும் பொங்கலுக்கும் வாழ்த்து விளம்பரம் கொடுப்பதெல்லாம் தோல் கம்பெனிகள்தான். சாயங்காலச் செய்தியில் அந்தப் பேட்டி வேண்டாம், அதற்குப் பதிலாக ஒரு வருத்தம் வாசித்துவிடு, பகலில் ஒளிபரப்பான செய்தி உறுதி செய்யப்படாதது என்று நாலு வரி, நானே எழுதித் தருகிறேன் என்றார். அம்பிகா அக்கா கதி என்ன என்று கேட்டேன். அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு, நீ முதலில் உன் அம்மாவைப் பாரும்மா என்றார்.

எல்லாரும் அதையேதான் சொன்னார்கள். எனக்கு எரிந்தது.

தபரேஸ் வண்டியை எடுத்தான். எனக்கு ஒரு வருஷம் மூத்தவன், எங்கள் சேனலின் ஒரே கேமராமேன். வழியெல்லாம் ஏதாவது பேசிக்கொண்டே வருகிறவன், அன்றைக்கு பைபாஸ் தாண்டும் வரைக்கும் வாயைத் திறக்கவில்லை. அப்புறம், "நானும்தான் ஷூட் பண்ணேன், இவா. கைக்கு ஃபோகஸ் போட்டது நான்தான். எங்க மாமுவே தோல் ஏஜெண்டு. ரெண்டு கழுதைங்க சேர்ந்து எடுத்திருக்கோம்" என்றான். எனக்குச் சிரிப்பு வரவில்லை, அவனுக்கும் வரவில்லை.

கம்பெனி கேட்டுக்கு எதிரே டீக்கடை ஓரமாக நின்றோம். ஷிப்ட் விட்டார்கள். பெண்கள் கூட்டமாக வெளியே வந்து, ஊர் ஊராகப் போகும் வேன்களில் ஏறினார்கள். அம்மா இல்லை. அம்பிகா அக்கா இல்லை. வேன்கள் ஒவ்வொன்றாகக் கிளம்பின. எங்கள் பக்கத்து வேன்காரர் இரண்டு தரம் ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டு அவரும் போய்விட்டார். வாட்ச்மேன் கேட்டை மூடினார்.

அந்த மூடின கேட்டைப் பார்த்துக்கொண்டு நின்றபோது பயந்ததைப் போல நான் எதற்கும் பயந்ததில்லை. உள்ளே அந்தத் தொட்டி இருக்கிறது. பூவரசனை அந்தக் கேட்டு வழியாகத்தான், ஆம்புலன்ஸ்கூட இல்லாமல், தோல் ஏற்றுகிற வண்டியில் கொண்டு போனார்கள். யாராவது ஆறுதலாக ஏதாவது சொன்னால் அவர்களைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. சுந்தரமூர்த்திக்குப் போன் போட்டு அந்த மூன்று வார்த்தையைச் சொல்லிவிடலாமா என்று போனை இரண்டு தரம் எடுத்தேன். எடுத்தேன் என்பதை மறைக்கப் போவதில்லை.

சின்னக் கேட்டு திறந்தது. அம்மா முன்னால் வந்தாள், பின்னால் அம்பிகா அக்கா. அக்கா முகம் வெளுத்திருந்தது. அம்மா ரோட்டை இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுக் கடந்து நேரே என்னிடம் வந்தாள். அடிப்பாள் என்று நினைத்தேன்.

இரண்டு பேரையும் ஆபீஸ் ரூமில் நிற்கவைத்து, போனில் அந்தப் பேட்டியைப் போட்டுக் காட்டி, யார் கை என்று கேட்டிருக்கிறார்கள். இரண்டு பேரும் பேசவில்லை. நாளைக் காலைக்குள் ஒருத்தி ஒத்துக்கொள்ள வேண்டும், இல்லாவிட்டால் இரண்டு பேருமே வரவேண்டாம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். அம்பிகா அக்கா இதைச் சொல்லும்போது பல் கிட்டித்தது. நான் பாட்டுக்கு இருந்தேனே பாப்பா, நீதானே வீட்டுக்கு வந்து கேட்ட, முகம் தெரியாது, உசிரு போனாலும் தெரியாதுன்னு சொன்னியே என்று திரும்பத் திரும்ப அதையே சொன்னாள். கையை முந்தானைக்குள் சுருட்டி வைத்துக்கொண்டிருந்தாள்.

"பூவரசன் எறங்கும்போது டிரம் பக்கத்துல யார் யார் நின்னா?" என்று அம்மா கேட்டாள். என்னைத்தான் கேட்டாள்.

"நீங்க ரெண்டு பேரும்."

"அப்போ என்னை ஏன் கேக்கல?"

சொந்தக்காரர்களைப் பேட்டி எடுக்கக் கூடாது, அது செய்தி தர்மம் இல்லை என்றேன். சொல்லும்போதே எனக்குக் கேவலமாக இருந்தது.

"தர்மம்" என்றாள் அம்மா. "உங்கம்மாளுக்கு வேலை போய்டக்கூடாது. அம்பிகாவுக்குப் போனா உனக்கு இன்னா. அதானே? இதுக்குத்தான் உன்னைப் படிக்க வெச்சனா?"

தபரேஸ் தரையைப் பார்த்தான்.

எனக்கு அப்போது ஒன்று தோன்றியது. அம்மா முகத்தை மறைக்காமல் பேசினால், பகலில் வந்ததும் அம்மா கைதான் என்று ஊர் நினைத்துக்கொள்ளும். அம்பிகா அக்கா பக்கம் யாரும் திரும்ப மாட்டார்கள். பயந்து பயந்துதான் சொன்னேன். அம்மாவுக்கு வேலை போகும், எனக்கும் போகும், வீட்டில் வேறு சம்பளம் இல்லை. அதோடு என்னென்ன வரும் என்று எனக்குத் தெரியாது என்றும் சொன்னேன். இந்த முறை எதையும் மறைக்கவில்லை.

அம்பிகா அக்கா, வேணாம் ஞானக்கா என்றாள். ஆனால் மெதுவாகத்தான் சொன்னாள்.

அம்மா டீக்கடைக் குழாயில் முகம் கழுவி முந்தானையில் துடைத்தாள். "நீ வீட்டுக்குப் போ அம்பிகா. நிக்காத இங்க" என்றாள். அக்கா போனாள், திரும்பிப் பார்க்காமல், கிட்டத்தட்ட ஓடினாள்.

சேனலின் இணையப் பக்கம் தபரேஸ் போனில் எப்போதும் திறந்தே இருக்கும். வெள்ளம், விபத்து என்றால் அங்கிருந்தே லைவ் போய்விடுவோம். எடிட் கிடையாது, போனதைத் திரும்ப எடுக்கவும் முடியாது. போட்டால் சேனலில் எங்கள் இரண்டு பேருக்கும் அதுதான் கடைசி நாள் என்று அவனுக்கும் தெரியும். உன் இஷ்டம் தோஸ்த் என்றான். நான் மைக்கை எடுத்தேன். இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

"உங்க பேரு?"

"ஞானசுந்தரி. இந்தக் கம்பெனிலதான் வேலை. மத்தியானம் டிவில பேசினது நான்தான்."

செய்தியில் நான் தெரிந்தே விட்ட முதல் பொய் அது. அதற்கப்புறம் அவள் சொன்னதில் பொய் இல்லை. மறுநாள் இன்ஸ்பெக்‌ஷன் என்று பம்ப் அடைப்பை அன்றைக்கே எடுக்கச் சொன்னது, நாற்றம் தாங்காமல் பூவரசன் ஏணியில் பாதி ஏறி வந்தது, திரும்ப இறங்கு என்று அதட்டினது, அப்புறம் சத்தமே வராதது. அம்மாவின் குரல் முதலில் இறங்கி இறங்கிப் போனது. பூவரசன் பேரைச் சொன்ன பிறகு நின்றுவிட்டது, பிறகு நேராக வந்தது. பார்க்கிறவர்கள் எண்ணிக்கை ஏறிக்கொண்டே இருந்தது. என் போன் பைக்குள் அதிர்ந்தது. கோதண்டபாணி சாராகத்தான் இருக்கும்.

சின்னக் கேட்டு திறந்து சுந்தரமூர்த்தி வந்தார். சிரித்த முகமாக, ரோட்டைக் கடந்து, எங்கள் பக்கம். லைவ் என்று அவருக்குத் தெரியாது.

"இன்னா ஞானம், பொண்ணு உனக்கும் மைக்கு புடிக்குதா? போன உள்ள வைப்பா தம்பி. உக்காந்து பேசலாம் வாங்க."

அம்மா அவரைப் பார்த்தாள். ஓரடி பின்னால் போனாள். பயந்துவிட்டாள், முடிந்தது என்று நினைத்தேன்.

"தபரேஸு, இப்படித் திருப்பு" என்றாள். "எறங்கச் சொன்னது இவருதான்."

தபரேஸ் என்னைப் பார்த்தான். திருப்பு என்று ரிப்போர்ட்டர் சொன்னால்தான் கேமரா திரும்பும், எங்கள் வேலையில் அது வழக்கம். தலையை மட்டும் ஆட்டினேன். அவன் திருப்பினான். நான் இரண்டடி முன்னால் போய் மைக்கை அவர் முகத்துக்கு நேரே நீட்டினேன்.

"சார், பூவரசனை உள்ளே இறங்கச் சொன்னது நீங்களா?"

செய்தி வாசிக்கிற குரலில் வரவில்லை. கீச்சென்று, உடைந்து வந்தது. அவர் போன் திரையைப் பார்த்தார், அதில் தன் முகத்தைப் பார்த்தார். சிரிப்பு அப்படியே இருந்தது, கண் மட்டும் மாறியது. கையைத் தூக்கி கேட்டுப் பக்கம் காட்டினார். இரண்டு வாட்ச்மேன்கள் தடியோடு ரோட்டில் இறங்கினார்கள். அம்மா என் முதுகுக்குப் பின்னால் வந்து கோட்டில்லாத என் சட்டையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். ஓடலாம் என்று பிடித்தாளா, நில் என்று பிடித்தாளா, தெரியவில்லை.

நான் அதே கேள்வியை இன்னொரு தரம் கேட்டேன்.