செவ்வலகு நான்கு

மாசித் திங்களின் மூடுபனி மணல்வெளியினின்று மெல்ல விலக, துபாய் நகரின் அல் குசைஸ் பகுதியிலே, பொதியேற்றிய வண்டிகள் உறுமத் தொடங்கிய காலைப்பொழுதில், காயல்பட்டினத்து நிஜாம் நடத்தும் பூத்தையற் கடையின் வாயிலில் ஒரு பெட்டி கட்டுண்டு கிடந்தது. அது தையற்காரன் சோலைமுத்துவினுடையது. மறுநாள் அவன் தந்தையின் தலைத்திவசம். ஒரே மகனாகிய அவனுக்கு அன்று நண்பகலில் வானூர்தி.

மூன்று நாள் குனிந்திருந்து அவன் தைத்து முடித்த கொடி மேசைமேல் விரிந்திருந்தது. வேல்ஸ் நாட்டுப் பிளின்ட்சயர் மாவட்டத்தின் கொடி அது: வெண்களத்தின் நடுவே, அலை அரித்த கரையென விளிம்பெல்லாம் வளைந்து வளைந்து செல்லும் கருஞ்சிலுவை, மூலைக்கொன்றாக நான்கு கரும்பறவைகள். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டின் முன் அந்நிலத்தை ஆண்ட எட்வின் என்னும் தலைவனுக்குப் பின்வந்தோர் சூட்டி மகிழ்ந்த சின்னமே இன்று கொடியாகப் பறக்கின்றது. அம்மண்ணிற் பிறந்து இந்நகரில் மாண்ட பொறியாளர் ஒருவரின் பேழைமீது போர்த்துதற்கென அவர் மனைவி மெகன் அம்மையார் அதனைத் தைப்பித்தார். பேழை அன்று மாலையே தாயகம் செல்வது.

அம்மையார் வந்தார், கொடியைத் தடவினார், பறவையின் அலகருகே அவர் விரல் நின்றது. பின்னர் தாழ்ந்த குரலில் ஏதோ கூறிவிட்டு, நாற்காலியில் அமர்ந்தார்.

“என்ன பாய் சொல்றாங்க?” என்று நிஜாமைக் கேட்டான் சோலைமுத்து.

“இது காக்கா இல்லையாம்ப்பா. கடலோரப் பாறையில இருக்கிற வேற பறவையாம். மூக்கும் காலும் செவப்பா இருக்கணுமாம்.”

“அவங்க குடுத்த பிரிண்ட்ல செவப்பு மை ஊறிருச்சுன்னுல்ல நெனச்சேன்! காக்காவுக்கு எங்கயாச்சும் செவப்பு மூக்கு இருக்குமா?”

“அவங்களே பரவால்லன்னுட்டாங்க. விடு. டாக்சி நிக்குது, யல்லா, கெளம்பு.”

சோலைமுத்து அம்மையாரை நோக்கினான். அவரோ கொடியை நோக்காது, தம் கைகளையே நோக்கியிருந்தார்.

“செத்தவருக்குப் போத்துறது பாய். தப்பான பறவையோட எப்படி அனுப்புறது? டாக்சியப் போகச் சொல்லுங்க.”

“அறிவிருக்காப்பா? நாளைக்கு ஒங்கப்பாவுக்கு யாரு சோறு வைப்பா?”

“நான்தான் வைப்பேன். காக்கா இங்கயும் இருக்குல்ல?”

நான்கு அலகும் எட்டுக் காலும் இழையிழையாய்ப் பிரிந்து, செந்நூலாற் புத்துருப் பெறுகையில் நண்பகல் கடந்திருந்தது. தலைக்குமேல் வானூர்தியொன்று முழங்கிச் சென்றது, அவன் நிமிரவில்லை. அம்மையார் கொடியை மார்போடு அணைத்து, அவன் கையைப் பற்றி, விடைபெற்றார்.

மறுநாட் காலை, கடையின் மொட்டைமாடிச் சுவரில் சோறு வைத்துக் காத்திருந்தான். நெடும்பொழுது கழித்து ஒரு பறவை வந்தமர்ந்தது. உண்டு பறக்கும் உயிருக்கு ஊர் ஏது, எல்லை ஏது? ஆயினும் சோலைமுத்து முதற்கண் அதன் அலகையே பார்த்தான். அது கறுப்பாகவே இருக்கக் கண்டு, கைகூப்பினான்.