குருத்தோலை இல்லாத சுவர்

புன்னக்காயலில் பழைய வலைகள் போட்டுவைத்திருந்த ஓர் அறையை மீனவர் வீடாக மாற்ற எனக்குப் பன்னிரண்டு நாள் ஆனது. ஒன்பது வருடம் சென்னையில் அடுத்தவர்களின் சினிமா அரண்மனைகளுக்கு ஆணியடித்துக் கொடுத்தவள் நான். ‘கலை இயக்கம்: சங்கரி’ என்று திரையில் வரப்போகும் முதல் படம் இது. சின்னப் படம்தான். ஆனாலும் ஒருத்தரும் ஒரு குறை சொல்லிவிடக் கூடாது என்று கங்கணம் கட்டிக்கொண்டிருந்தேன்.

தச்சநல்லூர்ச் சைவ வீட்டில் பிறந்தவளுக்குக் கடற்கரைக் கத்தோலிக்க வீடு எப்படித் தெரியும்? அந்த அறைக்குப் பக்கத்து வீட்டு லூர்து மேரி அக்காவைப் பிடித்துக்கொண்டேன். அவர் வீட்டில் எது எங்கே இருக்கிறது என்று சுவர் சுவராகப் படமெடுத்து, அப்படியே இங்கே கொண்டுவந்தேன். மாதா படம், மெழுகுவர்த்தித் தட்டு, மாதா கோயிலில் வாங்கிவந்து படத்துக்குப் பின்னால் செருகிய காய்ந்த குருத்தோலைச் சிலுவை. அந்த ஓலையைப் பற்றி எனக்குக் கொஞ்சம் கர்வம்கூட. வேறு எவள் இதைக் கவனித்திருப்பாள்?

கதை இதுதான். கடலுக்குப் போன கணவன் திரும்பவில்லை. திருநீற்றுப் புதனன்று நெற்றியில் சாம்பலோடு வீட்டுக்கு வரும் மனைவி, ஈஸ்டர் வரை தவக்காலம் முழுக்க அவனுக்காகக் காத்திருக்கிறாள்.

மூன்று நாள் கூச்சப்பட்டு எட்டிப் பார்க்காமல் இருந்த அக்கா, வீட்டுக் காட்சிகள் முடிந்த சாயங்காலம் உள்ளே வந்தார். நடிகையின் நெற்றியைப் பார்த்தார். சுவரைப் பார்த்தார்.

“சாம்பல் பூசிட்டு வந்தவ வீட்டுல ஓல எப்படிம்மா இருக்கும்? பழைய ஓலய எல்லாம் திருப்பி வாங்கி எரிச்சுத்தான சாமியார் சாம்பலே எடுக்காரு. அடுத்த குருத்தோல ஞாயிறு வர சுவரு சும்மாத்தான் கெடக்கும்.”

நான் அவர் வீட்டைப் படமெடுத்தது ஐப்பசியில். எது எங்கே இருக்கும் என்று கேட்டேனே தவிர, எதுவரை இருக்கும் என்று கேட்கவில்லை.

இயக்குநர் மகேஸ்வரனிடம் உடனே போய்ச் சொன்னேன். பார்க்கிறவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியப்போகிறது என்றார். ஓலை தெரியும் காட்சிகள் ஒன்பது. நடிகை மறுநாள் மாலை ரயிலேறுகிறார். கடற்கரைக் காட்சி வேறு பாக்கி. இந்தத் தப்பை நானே எல்லாரிடமும் சொன்னால் அடுத்த படத்துக்கு என்னை எவன் கூப்பிடுவான் என்று கேட்டார். அக்கறையாகத்தான் கேட்டார். எனக்கு அதுதான் எரிச்சல்.

“கூப்பிடாட்டிப் போறான் சார். இந்த ஊர்ல ஒருத்தி படத்தப் பாத்துட்டு, இது எங்க வீடு இல்லன்னு சொல்லிட்டான்னா, நான் செஞ்சதெல்லாம் வெறும் பலகதான்.”

நேரே போய்க் குழுவின் முன்னால் நின்று, தப்பு என்னுடையது, ஒன்பது காட்சியும் மறுபடி எடுக்க வேண்டும் என்றேன். யாரோ பெருமூச்சு விட்டார்கள். விட்டால் விடட்டும். எந்த வெளிச்சத்துக்கு எந்தக் காட்சி என்று பிரித்து எழுதினேன். காலை ஆறுக்குத் தொடங்கினால் பதினொன்றுக்குள் வீடு முடியும், பிறகு கடற்கரை. மகேஸ்வரன் அந்தக் காகிதத்தை இரண்டு முறை படித்துவிட்டு, பதினொன்றுக்கு மேல் ஒரு நிமிடம் தரமாட்டேன் என்றார்.

ஓலையை நானே உருவினேன். பத்தே முக்காலுக்குக் கடைசிக் காட்சி முடிந்தது.

அடுத்த வருடம் படத்தை முதன்முதலில் புன்னக்காயலில்தான் போட்டோம், மாதா கோயில் மண்டபத்தில். முடிந்ததும் பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்த மனைவியைப் பற்றியே பேசினார்கள். என் வேலையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது. அப்போது பின்வரிசையில் ஒரு வாக்குவாதம். படத்தில் வந்தது அஞ்சலினின் மாமியார் வீடு என்று ஒருத்தி சொல்ல, இல்லவே இல்லை, தன் பெரியம்மா வீடு என்று இன்னொருத்தி அடித்துப் பேசினாள். கடைசியில் யார் வீடு என்று லூர்து மேரி அக்காவிடமே கேட்டார்கள்.

அக்கா என் தோளைப் பிடித்து முன்னால் தள்ளினார்.

“இந்தா நிக்காள்லா, இவ வீடுதான்.”